சொன்னபடி நிற்காதவர்

அழுத பிள்ளையைச் சிரிக்க வைத்திருக்கிறேன். முதல் நாள் தண்ணி போட்டுவிட்டு வந்த மாப்பிள்ளையை விழாமல் நிற்க வைத்திருக்கிறேன். பிளாஷ் அடித்தாலே தும்முகிற ஒரு சுவாமியை, அவருடைய குருத்துவ வெள்ளிவிழா அன்று தும்மவிடாமல் படம் எடுத்துக் கொடுத்திருக்கிறேன். அந்த ஒரு ஆளிடம் மட்டும் என் தொழில் எடுபடவே இல்லை. 'இப்படி நில்லுங்கோ' என்று நான் சொன்னதில் ஒன்றையாவது அவர் கேட்டதாக எனக்கு ஞாபகம் இல்லை. அவரை நினைத்தால் இன்றைக்கும் எனக்குத் தலையிடி வரும். கூடவே வேறொன்றும் வரும்.

மன்னார் ரவுணில் எனக்கு ஒரு சின்ன ஸ்ரூடியோ இருந்தது. படம் எடுப்பதும் நான், வீடியோ எடுப்பதும் நான், இரவு பகலாகக் கொம்பியூட்டருக்கு முன்னால் குந்தியிருந்து வெட்டி ஒட்டுவதும் நான். வருகிறவர்கள் பெண்ணான என்னைத் தாண்டி உள்ளே எட்டிப் பார்த்து, "படம் எடுக்கிற ஆள் இல்லையோ?" என்று கேட்பார்கள். நான்தான் என்றால், "இல்லை, கமராக்காரர்" என்பார்கள். அதற்கெல்லாம் பழகிவிட்டேன். இவருக்குத்தான் பழக முடியவில்லை.

எங்கள் தொழிலில் ஆணை நிறுத்த ஒரு மாதிரி, பெண்ணை நிறுத்த ஒரு மாதிரி. ஆண் என்றால் கையைக் கட்டு, காலைக் கொஞ்சம் அகட்டு, நாடியைத் தூக்கு. பெண் என்றால் தலையைச் சரி, தோளைத் திருப்பு, விரலைக் கன்னத்தில் வை, கீழே பார்த்துவிட்டு மெல்ல மேலே பார். யாரும் எனக்கு இதைப் படிப்பிக்கவில்லை. சினிமாப் படங்களையும் கலியாண அல்பங்களையும் பார்த்துப் பார்த்து எல்லாருக்கும் ஊறிப் போனது. ஆறு வயதுப் பெட்டைக் குட்டிகூடக் கமராவைக் கண்டால் இடுப்பில் கையை வைத்துத் தலையைச் சரிக்கும்.

அவர் முதல் முறை வந்தது அடையாள அட்டைக்குப் படம் எடுக்க. நீலக் கட்டம் போட்ட நீளக்கைச் சேர்ட், முழங்காலுக்குக் கீழே மடித்துக் கட்டிய சாரம், ஒட்ட வெட்டிய தலைமயிர், உப்புக் காற்றில் கறுத்த முகம். நான், "அண்ணை, இருங்கோ" என்று கதிரையைக் காட்டினேன். அவர் பழைய அட்டையை நீட்டினார். அதில் இரட்டைப் பின்னல் போட்ட ஒரு பெட்டை முழித்துக்கொண்டிருந்தது. "அக்கா..." என்றேன்.

"கூப்பிடுறதை விடு பிள்ளை. வேலையைப் பார்."

அண்ணையும் இல்லை, அக்காவும் இல்லை. அன்றையிலிருந்து அவரை நான் எந்த முறை சொல்லியும் கூப்பிடவில்லை. 'இஞ்ச வாங்கோ', 'கேளுங்கோ' என்று ஒரு மாதிரிச் சமாளித்தேன். தான் ஆண் என்றோ பெண் என்றோ அவர் யாருக்கும் சொல்லி நான் கேட்டதில்லை. யாரும் கேட்டால், "நான் இப்பிடித்தான்" என்பார். மேலே கேட்க வாய் வராது.

அரிப்பு என்கிற கரையூர்ப் பக்கம் அவருடைய வள்ளம். கடலுக்குப் போகிற வழியில் நேவிக்காரன் அட்டையைக் கேட்டிருக்கிறான். முதலில் சிங்களத்தில் ஐயா என்கிற மாதிரி 'மாத்தயா' என்றவன், அட்டையைப் பார்த்துவிட்டு அம்மணி என்கிற மாதிரி 'நோனா' என்றானாம். பிறகு முகத்தையும் அட்டையையும் மாறி மாறிப் பார்த்துவிட்டு, இது நீ இல்லை என்று திருப்பி அனுப்பிவிட்டான். அன்றைக்குக் கடலில் கிடந்த நண்டு வலை எடுக்கப்படாமல் போனதுதான் அவருக்குக் கோபம். 'நோனா' என்றதும் கோபமில்லை, 'மாத்தயா' என்றதும் கோபமில்லை.

என் ஸ்ரூடியோவில் ஆண்களுக்கென்று ஒரு கறுப்புக் கோட்டும் ரையும் ஆணியில் தொங்கும். பெண்களுக்கென்று தோளில் போட ஒரு பட்டுத் துண்டு அலுமாரிக்குள் இருக்கும். எது விருப்பமோ எடுக்கட்டும் என்று இரண்டையும் கொண்டுவந்து முன்னால் வைத்தேன். நான் பெரிய தாராள மனசுக்காரி என்ற நினைப்பு எனக்கு.

அவர் கோட்டைத் தொட்டுப் பார்த்தார். "இது ஆர்ர?"

"ஸ்ரூடியோவின்ர. எல்லாரும் போடுறது."

"எல்லாரும் போட்டா எல்லாரும் ஒருத்தர்தானே. நேவிக்காரன் என்னைப் பாக்கவேணும், கோட்டை இல்லை."

பட்டுத் துண்டை அவர் திரும்பியும் பார்க்கவில்லை. நீலக் கட்டச் சேர்ட்டோடேயே இருந்தார். நாடியைத் தூக்கச் சொன்னேன், தூக்கவில்லை. தோளைத் திருப்பச் சொன்னேன், திருப்பவில்லை. இரண்டு கையையும் முழங்காலில் ஊன்றிக்கொண்டு, வள்ளத்தின் பின்பக்கம் இருப்பதுபோல இருந்தார். நானும் விட்டுப்பிடித்து எடுத்தேன். வழக்கம்போல முகத்தைக் கொஞ்சம் வெள்ளையாக்கி, நெற்றியில் இருந்த பழைய வெட்டுத் தழும்பை அழித்துக் கொடுத்தேன். ஊரில் எல்லாரும் கேட்டு வாங்குகிற வேலை அது. அவர் படத்தைப் பார்த்துவிட்டு, "இந்த வெள்ளை ஆர்?" என்றார். தழும்பைத் திருப்பிப் போடவைத்தார். கறுப்பைத் திருப்பிப் போடவைத்தார். வெள்ளை கூட்டத் தெரிந்த எனக்கு, எடுத்ததைத் திருப்பி வைக்க அரைநாள் போனது.

அதற்குப் பிறகு அவர் அடிக்கடி வரத் தொடங்கினார். தமக்கையின் மகளுடைய படங்களைக் கழுவ வருவார். தமக்கையின் புருஷன் நோயில் போனபின், வள்ளத்தை ஓட்டி அந்தப் பிள்ளையை வளர்த்தது இவர்தான். கோயிலில் முதல் நன்மை வாங்கிய படம், பள்ளிக்கூட விளையாட்டுப் போட்டிப் படம், மடுத் திருவிழாவில் கூடாரத்துக்கு முன்னால் நின்ற படம் என்று எல்லாம் பிள்ளையின் படம். வரும்போது ஷொப்பிங் பையில் நண்டு கொண்டுவருவார். பை நிலமெல்லாம் ஒழுகும். ஒரு நாள் உயிர் நண்டு ஒன்று பையைக் கிழித்துக்கொண்டு போய், கலியாண அல்பம் பார்த்துக்கொண்டிருந்த ஒரு மனுசியின் காலடியில் நின்றது. அவர் அதை எடுத்துப் பையில் போட்டுவிட்டு, "கடிக்காது, பயந்து போச்சு" என்றார். நண்டைச் சொன்னாரா மனுசியைச் சொன்னாரா என்று இன்றைக்கும் தெரியாது.

வந்தால் காத்திருக்கும் வாங்கில் இருந்து ரீவி பார்ப்பார். அங்கேதான் அடுத்த தொல்லை. எந்தப் படத்தையும் பார்க்க விடமாட்டார். ஒரு பெட்டை ஆண் உடுப்புப் போட்டு, தொப்பி வைத்து, வில்லனின் ஆட்களை அடித்துக்கொண்டிருப்பாள். வாங்கில் இருக்கும் சனமெல்லாம் வாய் பார்க்கும். இவர், "இப்ப தொப்பி விழும்" என்பார். விழும். நீளத் தலைமயிர் சரிந்து விழும், பின்னணியில் வீணை அடிக்கும், கதாநாயகன் வாயைப் பிளப்பான். "இனிச் சீலை கட்டுவாள்" என்பார். கட்டுவாள். "இனி அடிக்கமாட்டாள், அடி வாங்குவாள்" என்பார். அதுவும் நடக்கும். அவர் சொன்னது ஒரு முறையாவது பிழையாகட்டும் என்று நான் மாதாவிடம் நேர்ந்துகொண்டதுகூட உண்டு.

ஆம்பிளை ஒருத்தன் சீலை கட்டி இடுப்பை ஆட்டுகிற பகிடிக் காட்சி வந்தால் மட்டும் அவர் ஒன்றும் சொல்லமாட்டார். சனம் சிரித்து முடியும் வரைக்கும் சிரிக்கிறவர்களின் முகத்தையே பார்த்துக்கொண்டிருப்பார். ஒரு முறை என்னைத் திரும்பிப் பார்த்து, "வேசம் கலைஞ்ச உடன எல்லாருக்கும் நிம்மதி, என்ன?" என்றார். நான் ரீவியை நிறுத்தினேன். சனம் என்மேல் பாய்ந்தது. மத்தளத்துக்கு இரண்டு பக்கமும் இடி.

வாய்க்கொழுப்புக்கும் குறைவில்லை. வாங்கில் இருந்த ஒரு வாத்தியார், மிகவும் அன்பாகத்தான், "ஏன் நீங்கள் சேர்ட் போடுறனீங்கள்?" என்று கேட்டார். நானும் காதைத் தீட்டிக்கொண்டு இருந்தேன்.

"பொக்கற் இருக்கு" என்றார் அவர்.

வாத்தியார் இன்னும் ஏதோ வரும் என்று காத்திருந்தார். அவ்வளவுதான்.

பிறகு ரீவிக்காரர் வந்த கூத்து. கொழும்பில் இருந்து ஒரு சானல்காரத் தம்பி, பெண்கள் தினத்துக்கு நிகழ்ச்சி செய்ய, 'கடலுக்குப் போகும் வீரப்பெண்' வேண்டும் என்று என்னைப் பிடித்தான். அறிந்த ஆள் என்று நானும் லைட்டைத் தூக்கிக்கொண்டு அரிப்புக்குப் போனேன். வேலியால் போன ஓணானைப் பிடித்து மடிக்குள் விட்ட கதைதான். தம்பியின் திட்டம் இது: முதலில் வள்ளத்தின் முனையில் கையைக் கட்டிக்கொண்டு ஆம்பிளை மாதிரி ஒரு காட்சி. பிறகு வீட்டில் சீலையோடு அடுப்பு ஊதுகிற காட்சி. 'இவர் அதுவும் செய்வார், இதுவும் செய்வார்' என்று குரல் கொடுப்பார்களாம். கடைசியில் கடலைப் பார்த்துக் கண் கலங்கவேண்டும்.

அவர் எல்லாவற்றையும் அமைதியாகக் கேட்டார். "எனக்குச் சோறு வடிக்கத் தெரியாது. அக்காதான் சமைக்கிறவ" என்றார்.

"பரவாயில்லை, சும்மா ஊதினாப் போதும்."

"எங்கட வீட்டில காஸ் அடுப்பு. ஊதினா அணைஞ்சிடும்."

தம்பி விடவில்லை. "சரி, எப்ப இருந்து இப்பிடி ஆனீங்கள்? மச்சான் செத்த பிறகு குடும்பத்துக்காகத்தானே இந்த உடுப்பு?"

பக்கத்தில் நின்ற தமக்கை அவசரமாக, "ஓம் ஓம், அவர் போன பிறகுதான்" என்றார். ஊருக்கும் தமக்கை அப்படித்தான் சொல்லிவைத்திருந்தார். தியாகம் என்றால் சனம் பொறுத்துக்கொள்ளும். படங்களிலும் அப்படித்தானே, ஆண் உடுப்புக்கு ஒரு சாவோ ஒரு பழிவாங்கலோ காரணமாக இருக்கவேண்டும்.

"அக்கா, பொய் சொல்லாத" என்றார் இவர். "மச்சான் இருக்கேக்கயே அவரின்ர சேர்ட்டைக் களவெடுத்துப் போட்டு அவரிட்ட அடி வாங்கினனான்."

கடலைப் பார்த்துக் கண் கலங்கும் காட்சியும் நடக்கவில்லை. கடலில் பார்ப்பதற்கு ஒன்றும் இல்லை, வலை கரையில்தான் கிடக்கிறது, கிழிந்ததைப் பொத்தவேண்டும் என்று முதுகைக் காட்டிக்கொண்டு இருந்துவிட்டார். நிகழ்ச்சி வரவே இல்லை. தம்பி என் தொலைபேசியையும் அதன்பிறகு எடுப்பதில்லை.

இப்படிப்பட்ட ஆளின் வீட்டுக் கலியாணத்துக்கு வீடியோ எடுக்க ஒப்புக்கொண்டேனே, என்னைச் சொல்லவேண்டும்.

அவர் வளர்த்த பிள்ளைக்குக் கனடா மாப்பிள்ளை. மாப்பிள்ளை மட்டும் ஒரு தாய்மாமனோடு வந்திருந்தார். முழங்கால் வருத்தத்தால் தாய் வரவில்லை. அந்த மனுசியும் அங்கேயுள்ள சொந்தக்காரரும் கலியாணத்தைப் பார்க்கப்போவது என் வீடியோவில்தான். கலியாணத்துக்குச் சில நாள் இருக்கும்போது தமக்கை தனியாக ஸ்ரூடியோவுக்கு வந்தார்.

"பிள்ளை, ஒரு உதவி. அவள் வீடியோவில வரக்கூடாது."

எனக்கு விளங்கியது. விளங்காத மாதிரி, "எவ?" என்றேன்.

"என்ர தங்கச்சிதான். மாப்பிள்ளையின்ர தாய் பொல்லாத மனுசியாம். இதென்ன கோலம் எண்டு கேட்டா என்ர பிள்ளை அங்க போய் என்ன மறுமொழி சொல்லுவாள்? மாப்பிள்ளைக்கும் எங்கட வள்ளத்தில கூலிக்கு நிக்கிற ஆள் எண்டுதான் சொல்லிவச்சிருக்கிறன்." பிறகு குரலை இறக்கி, "இல்லாட்டிக் கொம்பியூட்டரில ஒரு சீலை கட்டிவிட ஏலாதோ? செத்த ஆக்களுக்குக் கோட் போட்டுவிடுறியள்தானே" என்றார்.

செத்தவர்கள் அசையமாட்டார்கள் அம்மா என்று சொல்ல வாய் வந்தது. அடக்கிக்கொண்டேன். அவரும் கெட்ட மனுசி இல்லை. புருஷன் இல்லாமல் மகளைக் கரைசேர்க்கிற பயம் கண்ணில் தெரிந்தது.

அடுத்த நாள் இவர் வந்தார். கையில் நண்டு இல்லை. "அக்கா வந்தவவோ?" என்றார்.

"ஓம்."

"பிள்ளை என்னைத்தான் கையைப் பிடிச்சுப் பீடத்துக்குக் கூட்டிக்கொண்டு போகச் சொல்லி நிக்கிறாள். நான் மாட்டன் எண்டிட்டன். நறுவிலிக்குளத்தில இருந்து தகப்பன்ர தமையன் வாறார், அவர் கூட்டிக்கொண்டு போகட்டும். நான் ஒரு பக்கத்தில நிண்டு பாத்துக்கொள்ளுறன்." கொம்பியூட்டரைக் கையால் காட்டினார். "வெட்டுறதெண்டா வெட்டு. சீலை மட்டும் கட்டாத. என்னை எடுத்தா உள்ளபடி எடு, இல்லாட்டி எடுக்காத."

"அப்ப உங்களுக்குப் பரவாயில்லையோ?" என்று கேட்டேன்.

"பரவாயில்லை எண்டு ஆர் சொன்னது?" என்றார். எழும்பிப் போய்விட்டார்.

கலியாணத்தன்று நான் பட்ட பாடு நாய் படாது. ஒரு பக்கத்தில் நின்று பார்த்துக்கொள்ளுகிறேன் என்ற ஆள் ஒரு இடத்தில் நின்றால்தானே. வெள்ளைச் சேர்ட்டும் புதுச் சாரமுமாக எங்கும் இருந்தார். வாங்கின் ஆணியில் மணப்பொம்பிளையின் தலை நெற் துணி மாட்டினால் கழற்றிவிடுவது அவர். பீடத்துக்குப் பக்கத்தில் காற்றாடி நின்றுபோனால் தட்டி எழுப்புவது அவர். மண்டபத்தில் கதிரை தூக்குவது அவர், கேக்கில் மொய்த்த இலையானைக் கலைப்பது அவர். நான் ஒரு வழி கண்டுபிடித்தேன். அவர் எங்கே நின்றாலும் அவரை என் இடக்கைப் பக்கத்தில் விட்டுக்கொண்டு நிற்பது. அவர் படத்துக்குள் வரப் பார்த்தால் கமராவை வலப்பக்கம் கொஞ்சம் திருப்பினால் தப்பிவிடலாம். நாள் முழுக்க நண்டு மாதிரிப் பக்கவாட்டில் நடந்தேன். அப்படியும் தப்பிவந்து விழுந்ததை எல்லாம் பிறகு கொம்பியூட்டரில் வெட்டினேன். ஓரத்தில் தெரிந்த கையை வெட்டினேன், தோளை வெட்டினேன். பெரியப்பா பிள்ளையைக் கூட்டிக்கொண்டு போகிற காட்சியில் தூணுக்குப் பக்கத்தில் நின்ற வெள்ளைச் சேர்ட்டை, படத்தைப் பெருப்பித்து வெளியே தள்ளினேன்.

நான் வெட்டி முடிக்கப் பிந்தியது, விசா முந்திவிட்டது. பிள்ளை கனடாவுக்குப் போய்ச் சேர்ந்த பிறகுதான் வீடியோவை அனுப்பினேன். தமக்கை இங்கே முழுவதையும் பார்த்துவிட்டு, "நல்ல துப்பரவா இருக்கு பிள்ளை" என்றார். அப்பாடா என்று மூச்சு விட்டேன்.

ஒரு கிழமை போகவில்லை. விடிய நான் ஸ்ரூடியோவைத் திறக்கும்போதே தமக்கை வாசலில் நின்றார். மோட்டார் சைக்கிளில் கொண்டுவந்து இறக்கியது இவர்தான். இவர் வழக்கம்போல வாங்கில் போய் இருந்தார்.

"நீ என்ன வீடியோ எடுத்தனீ?" என்று தமக்கை தொடங்கினார். "என்ர பிள்ளையின்ர பேர் கெடுகுது!"

நடந்தது இதுதான். மாப்பிள்ளையின் தாய் சொந்தக்காரரை எல்லாம் கூட்டி, பெரிய ரீவியில் கலியாணத்தைப் போட்டிருக்கிறார். பாதியில் நிறுத்தி, "பொம்பிளை ஆரைப் பாத்துச் சிரிக்கிறாள்? மாப்பிள்ளை மற்றப் பக்கமெல்லோ நிக்கிறான்?" என்று கேட்டிருக்கிறார். திருப்பிப் போட்டுப் பார்த்திருக்கிறார்கள். கோயிலுக்குள் வரும்போது பொம்பிளை இடப்பக்கம் பார்க்கிறாள். மோதிரம் போட்ட உடனே இடப்பக்கம் பார்க்கிறாள். கேக் வெட்டும்போது, மாப்பிள்ளை ஊட்டக் கையை நீட்டிக்கொண்டு நிற்க, இவள் இடப்பக்கம் பார்த்துக் கண்ணைத் துடைக்கிறாள். அங்கே பார்த்தால் ஒருவரும் இல்லை. வெறும் சுவரும் திரைச்சீலையும். எவனோ ஒருத்தன் நிற்கிறான், அவனைத்தான் வெட்டியிருக்கிறார்கள் என்று ஒரு மாமி சொல்ல, வீடு இரண்டுபட்டுப் போனது. மாப்பிள்ளை ஒன்றும் கேட்கவில்லையாம். கேட்காததுதான் தமக்கைக்குப் பெரிய பயம்.

என் பொறுமை போய்விட்டது. "வெட்டச் சொன்னது நீங்கள். வெட்டினது நான். பிள்ளையின்ர கண்ணையும் சேத்து வெட்டச் சொல்லேல்லையே!" என்று கத்தினேன். அவ்வளவு நாள் வெட்டியும் எனக்கே அது கண்ணில் படவில்லை. அவர் இருக்கிறாரா என்று ஓரத்தைத்தான் பார்த்துக்கொண்டிருந்தேன். நடுவில் நின்ற பிள்ளையின் முகத்தைப் பார்க்கவில்லை.

அந்த நேரம் தமக்கையின் போன் அடித்தது. பிள்ளைதான், கனடாவிலிருந்து. தமக்கை போனை என்னிடம் நீட்டினார். போனை வாங்கி மேசையில் வைத்து, எல்லாருக்கும் கேட்க விட்டேன்.

"அம்மா, இவருக்கு நான் எல்லாம் சொல்லிப்போட்டன். மாமிக்கும் சொல்லிப்போட்டன். நான் சின்னாவைத்தான் பாத்தனான் எண்டு." குழந்தையில் சின்னம்மா என்று முழுதாகச் சொல்ல வராமல் தொடங்கிய பெயர் அது.

"ஐயோ, என்ன பிள்ளை சொன்னனீ?"

"என்னை வளத்த ஆள் எண்டு சொன்னனான். போனில இருந்த சின்னாவின்ர படத்தையும் காட்டினனான். மாமி கன நேரம் பாத்தவா. பிறகு ஒண்டுதான் கேட்டவா. 'வளத்த ஆள் எண்டா ஏன் கலியாண வீடியோவில இல்லை?' எண்டு. அதுக்கு நான் என்னம்மா சொல்லுறது?"

தமக்கை சீலைத் தலைப்பால் வாயைப் பொத்திக்கொண்டார். நான் சுவரைப் பார்த்தேன்.

"சின்னா அங்க நிக்கிறாவோ?" என்றது போன்.

"நிக்கிறன்" என்றார் அவர் வாங்கில் இருந்தபடியே. "அங்க குளிரோ?"

"ஓம் சின்னா. நல்ல குளிர்."

"காதை மூடிக் கட்டு."

அவ்வளவுதான் கதைத்தார்கள். பிறகு பிள்ளை என்னிடம், "அக்கா, வெட்டினதெல்லாத்தையும் திருப்பி ஒட்டி அனுப்புங்கோ. ஒண்டும் விடாதேங்கோ" என்று சொல்லிவிட்டு வைத்துவிட்டாள். இனி அத்தனை வேலையும் முதலில் இருந்து. எனக்கு அழுகையும் கோபமும் சேர்ந்து வந்தது. தமக்கை மூக்கை உறிஞ்சிக்கொண்டு, "போடு பிள்ளை, தெரியிறது தெரியட்டும்" என்றார்.

நான் அவரைப் பார்த்தேன். "உங்களுக்குச் சம்மதமோ?"

"உள்ளதைத்தானே போடப்போறாய். போடு. பளபளப்பாக்காத." பிறகு எழும்பிக் கொம்பியூட்டருக்குக் கிட்ட வந்தார். "அதுக்கு முதல், வெட்டினதை ஒருக்காக் காட்டு. நான் அதைப் பாக்கேல்லை."

போட்டேன். கோயில் கதவு திறந்தது. பிள்ளை பெரியப்பாவின் கையைப் பிடித்துக்கொண்டு வந்தாள். அவர் கதிரையை இழுத்து நேர் முன்னால் இருந்து, முழங்காலில் கையை ஊன்றிக்கொண்டு பார்த்தார். பிள்ளை இடப்பக்கம் திரும்பிச் சிரித்தாள். "அப்ப நான் தூணடியில" என்றார். மோதிரக் காட்சி வந்தது, பிள்ளை மறுபடி அந்தப் பக்கம் பார்த்தாள். "அது காத்தாடிக்குப் பக்கத்தில." கேக் வந்தது. மாப்பிள்ளையின் கை நீண்டபடி நிற்க, பிள்ளை அந்தப் பக்கம் பார்த்துக் கண்ணைத் துடைத்தாள்.

"அதில நிப்பாட்டு" என்றார்.

நிப்பாட்டினேன். அவர் எழும்பினார். கதிரையைத் தூக்கிக்கொண்டு போய்த் திரைக்கு இடப்பக்கம், பிள்ளையின் கண் போய் விழுகிற இடத்தில், சுவரோடு சேர்த்துப் போட்டு அதில் இருந்தார்.

"அங்க இருந்தா படம் ஒண்டும் தெரியாது. முன்னால வந்து இருங்கோ" என்றேன்.

அவர் வரவில்லை.